காலை விறைப்பும் வளையும் விரல்களும்: வாசகர் கேள்வி பதில்

குன்னூரிலிருந்து ஒரு தாய்: என் மகளுக்கு 19 வயது. சின்ன வயதில் கட்டை விரலை மடக்கி முன்கையைத் தொட்டுக் காட்டுவாள். பள்ளி யோகா போட்டியில் பரிசும் வாங்கினாள். இப்போது மணிக்கட்டு, தோள், முழங்கால் எல்லாம் வலி. இறக்கத்தில் இறங்கினால் கணுக்கால் பிசகுகிறது. மூன்று முறை ரத்தம் எடுத்துப் பார்த்தும் ஒன்றுமில்லை என்கிறார்கள். இது முடக்குவாதமா?

ரத்தத்தில் ஒன்றுமில்லை என்பதே ஒரு துப்புதான். முடக்குவாதத்தில் மூட்டின் உள்சவ்வு வீங்கும்; ரத்தத்திலும் அது பெரும்பாலும் தெரியும். நீங்கள் சொல்வது மூட்டுத் தளர்ச்சி போலிருக்கிறது. எலும்புகளைக் கட்டிவைக்கும் தசைநார்கள் தளர்ந்திருப்பதால், மூட்டைப் பிடித்து நிறுத்தும் வேலையைத் தசைகளே பார்க்கின்றன. நாள் முழுக்க அதைச் செய்து அவை களைத்துப்போய் வலிக்கின்றன.

மூட்டுகள் எவ்வளவு தளர்ந்திருக்கின்றன என்று மதிப்பெண் போடும் பெய்ட்டன் சோதனையை வீட்டிலேயே செய்து பார்க்கலாம். சுண்டு விரல் 90 டிகிரிக்கு மேல் பின்னால் போகிறதா, கட்டை விரல் முன்கையைத் தொடுகிறதா, முழங்கையும் முழங்காலும் நேர்க்கோட்டைத் தாண்டி 10 டிகிரிக்கு மேல் பின்னால் வளைகின்றனவா? இடது, வலது தனித்தனியாக ஒவ்வொரு மதிப்பெண், ஆக 8. முழங்காலை மடக்காமல் குனிந்து உள்ளங்கை முழுவதும் தரையில் பதிந்தால் இன்னும் ஒன்று. அவள் வயதில் 5 வந்தாலே தளர்ச்சிதான். ஆனால் 7 வாங்கியும் வலியே இல்லாதவர்கள் உண்டு, மதிப்பெண்ணே நோயாகிவிடாது.

முதலில் வித்தை காட்டுவதை நிறுத்தச் சொல்லுங்கள். ஏற்கெனவே நீண்டிருக்கும் தசைநாரை இன்னும் இழுக்கும் ஆசனங்கள் இவளுக்கு வேண்டாம். பலம் கூட்டும் பயிற்சிதான் வேண்டும். நாற்காலியில் அமர்ந்து ஒரு காலை நேராகும் வரை மட்டும் நீட்டி, 5 எண்ணி, மெதுவாக இறக்கட்டும். முழங்காலைப் பின்னால் தள்ளிப் பூட்டினால் பயிற்சியே வீண். தொடக்கத்தில் ஒரு காலுக்கு 5 முறை, காலையும் மாலையும். இரண்டு வாரம் வலி கூடாமல் போனால் 10 முறை. கணுக்காலுக்கு, சுவரோரமாக ஒற்றைக் காலில் 10 வினாடி நின்று, மெல்ல 30 வினாடிக்குப் போகலாம். பலன் தெரிய மாதங்கள் ஆகும். பத்து நாளில் கைவிடுபவர்களே அதிகம்.

நம் ஊர் இறக்கங்களில் முழங்காலைச் சற்று மடக்கி, குட்டி எட்டு வைத்து இறங்க வேண்டும். செருப்பு வேண்டாம், குதிகாலை இறுகப் பிடிக்கும் ஷூ போடட்டும். வலி குறைந்த நாளில் வீட்டு வேலையெல்லாம் முடித்துவிட்டு அடுத்த இரண்டு நாள் படுத்துக்கிடப்பதுதான் இவர்களின் வழக்கமான தப்பு. மோசமான நாளிலும் முடிகிற அளவை எல்லா நாளும் வைத்துக்கொண்டு, அதைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டலாம். மூட்டு நழுவினாலோ, எழுந்து நின்றதும் படபடப்பு வந்தாலோ, ஆள் மிக உயரமாகவும் விரல்கள் நீளமாகவும் இருந்து கண் அல்லது இதயக் கோளாறும் இருந்தாலோ, மருத்துவரிடம் காட்டத் தாமதிக்காதீர்கள்.

கோத்தகிரி வாசகி, வயது 42: கொழுந்து பறிக்கும் வேலை. காலையில் இரண்டு கை விரல் முட்டிகளும் வீங்கி, டம்ளரைக்கூடப் பிடிக்க முடியவில்லை. வெயில் ஏறினால் சரியாகிறது. குளிர்தான் காரணமா? மெடிக்கல் ஷாப் மாத்திரை போட்டால் உடனே கேட்கிறது.

குளிரில் விறைப்பு கூடும், ஆனால் குளிர் முடக்குவாதத்தை உண்டாக்காது. காலை விறைப்பு அரை மணிக்கு மேல் நீடிப்பதும், இரு கையிலும் ஒரே மாதிரி வீக்கம் ஆறு வாரத்துக்கு மேல் இருப்பதும் எச்சரிக்கை. கோயம்புத்தூர் போய் வாத நோய் நிபுணரைப் பாருங்கள். உடலில் அழற்சி இருக்கிறதா என்று காட்டும் இஎஸ்ஆர், சிஆர்பி, முடக்குவாதத்துக்கான ருமட்டாய்டு ஃபேக்டர், ஆன்ட்டி சிசிபி ஆகிய ரத்தப் பரிசோதனைகள் செய்வார்கள். ருமட்டாய்டு ஃபேக்டர் இல்லை (நெகட்டிவ்) என்று வந்தாலும் நோய் இருக்கலாம். தள்ளிப்போட்டால் விரல் கோணிவிடும், பிறகு நிமிர்த்துவது கடினம்.

உடனே கேட்கிற பெயரில்லாத மாத்திரையில் பெரும்பாலும் ஸ்டீராய்டு இருக்கும். நாள்கணக்கில் போட்டிருந்தால் திடீரென நிறுத்தக் கூடாது. அட்டையோடு மருத்துவரிடம் காட்டுங்கள். அவர் முடக்குவாதத்தைக் கட்டுப்படுத்தும் மெத்தோட்ரெக்சேட் மாத்திரையை எழுதினால் அது வாரத்துக்கு ஒரு நாள் மட்டும். தினமும் போட்டு உயிருக்கே ஆபத்தானவர்கள் உண்டு, ஆகவே அட்டையிலேயே கிழமையை எழுதுங்கள். அதன் பக்க விளைவைக் குறைக்கத் தரும் ஃபோலிக் ஆசிட் மாத்திரையை அவர் சொல்லும் வேறு நாளில் போட வேண்டும். கல்லீரல், ரத்த அணுப் பரிசோதனைகளைத் தவறவிடாதீர்கள். மருந்து வேலை செய்ய 6 முதல் 12 வாரம் ஆகும். மதுவும் கர்ப்பமும் கூடாது.

ஊட்டி வாசகர்: மூட்டு வலிக்கு விண்டர்கிரீன் தைலம் தேய்க்கிறேன். சூடான ஒத்தடமும் சேர்க்கலாமா?

சேர்க்கக் கூடாது, தோல் வெந்துபோகும். அதில் இருப்பது மெத்தில் சாலிசிலேட், ஆஸ்பிரினின் உறவு. 5 மில்லி உள்ளே போனால் ஏறத்தாழ 7 கிராம் ஆஸ்பிரின் விழுங்கியதற்குச் சமம். ஒரு குழந்தைக்கு அது உயிர்க்கொல்லி. நீலகிரித் தைலமும் குடித்தால் நஞ்சுதான். இரண்டையும் எட்டாத அலமாரியில் பூட்டி வையுங்கள். ரத்தம் உறையாமல் இருக்க வார்ஃபரின் சாப்பிடுபவர்கள் தேய்க்கவே வேண்டாம்.