பையன் சினிமா எடுக்கணும்னா காலேஜை நிறுத்தவும் வேணாம், கேமரா வாங்கவும் வேணாம்

பாலக்கோட்டுல இருந்து கேட்ட அக்காவுக்கு. பையன் பி.எஸ்சி. செகண்ட் இயர்ல நிக்கப் போறேங்குறான், யார்கிட்டயும் அசிஸ்டெண்டா போகமாட்டானாம், யூடியூப் பாத்தே கத்துக்கிட்டு சொந்தமா படம் எடுப்பானாம், உருப்படுமான்னு கேட்டீங்க. கத்துக்கிறது நடக்கும்க்கா, சோறு போடுமாங்குறதுதான் வேற கேள்வி.

அவன் உங்ககிட்ட டைரக்டர் வினோத்ராஜை காட்டுவான் பாருங்க. மதுரைப் பக்கத்துக்காரர், ஃபிலிம் ஸ்கூல் பக்கமே போகாதவர், சென்னையில டிவிடி கடையில வேலை பாத்துக்கிட்டே உலகப் படமெல்லாம் பாத்தவர், 2021-ல அவரோட முதல் படம் கூழாங்கல் நெதர்லாந்துல நடக்குற ரோட்டர்டாம் பட விழாவுல டைகர் விருது வாங்குச்சு. எல்லாம் நெசம்தான். ஆனா நடுவுல நாடகக் குழு, உதவி இயக்குநர் வேலைன்னு அவர் அலைஞ்சத உங்க பையன் சொல்லமாட்டான். தானா கத்துக்கிறதுன்னா ரூம்ல படுத்து வீடியோ பாக்கறது இல்ல.

டிகிரிய விடக்கூடாதுன்னு நான் சொல்றது ஊருக்கு பயந்து இல்ல. நாளைக்கு அவனே மனசு மாறி புனேல இருக்கற எஃப்டிஐஐ-ங்கிற சினிமா காலேஜ்ல டைரக்ஷன் படிக்கணும்னா ஏதாவது ஒரு டிகிரி கையில இருக்கணும், கல்கத்தா சத்யஜித் ரே இன்ஸ்டிட்யூட்டும் அப்படித்தான், இப்ப நிறுத்துனா அந்த ரெண்டு கதவும் சாத்திடும்.

கேமராவுக்கு லோன் போடாதீங்க, நிலத்து மேல கைய வைக்கவே வேணாம். போன் போதும். எடிட்டிங்குக்கு டாவின்சி ரிசால்வ்ங்கிற சாஃப்ட்வேர் ஃப்ரீயாவே கிடைக்குது, கம்ப்யூட்டர் மட்டும் கொஞ்சம் நல்லதா இருக்கணும். காசு போடறதா இருந்தா ஒரு காலர் மைக் வாங்கிக் குடுங்க, புதுசா எடுக்கறவங்க படத்துல காட்சி ஓரளவு தேறிடும், சத்தம்தான் மானத்த வாங்கும், காத்து இரையும், ஃபேன் கேக்கும், பேசறது கேக்காது.

வருமானம்? முதல் சில வருஷம் படத்துல இருந்து பெருசா எதையும் எதிர்பாக்காதீங்க. கல்யாண வீடியோ எடிட்டிங், ஓசூர் கம்பெனிகளுக்கு ட்ரெய்னிங் வீடியோ, இப்படி ஏதாவது கையில ஒரு வேலை ஓடணும், அதுல அவமானம் ஒண்ணும் இல்ல, லைட்டும் கட்டிங்கும் அங்கதான் கை பழகும். பட விழாவுக்கு அனுப்பக்கூட பல இடத்துல எண்ட்ரி ஃபீஸ் கட்டணும், தியேட்டர்ல போடணும்னா சென்சார் சர்டிஃபிகேட் வேணும், அடுத்தவன் பாட்ட எடுத்துப் போட்டா ரைட்ஸ் பிரச்சனை வரும். இதெல்லாம் தெரிஞ்சிருக்கானான்னு கேட்டுப் பாருங்க, முழிச்சான்னா திட்டாதீங்க, தேடிப் படிச்சிட்டு வான்னு விடுங்க. சினிமாவுல சான்ஸ் வாங்கித் தரேன்னு யாராவது பணம் கேட்டா மட்டும் போனை வெச்சிடுங்க.

இப்போதைக்கு அவன்கிட்ட ஒண்ணே ஒண்ணு கேளுங்க, செமஸ்டர் லீவுக்குள்ள அஞ்சு நிமிஷப் படம், முடிச்ச படம், பாதியில நிக்கற ஸ்கிரிப்ட் இல்ல. கதை தேடி சென்னைக்கு ஓட வேணாம், பாலக்கோடு தக்காளி மண்டி விடிகாலையில எப்படி இருக்கும்னு உங்களுக்கே தெரியும், விலை இல்லாதப்ப ரோட்டோரம் கொட்டிட்டுப் போறவங்க முகத்த அவன் சின்ன வயசுல இருந்து பாத்திருக்கான். எடுத்து முடிச்சா எனக்கு லிங்க் அனுப்பச் சொல்லுங்க, நல்லா இல்லைன்னா மூஞ்சிக்கு நேராவே சொல்லுவேன்.