வெளிவராத ராப் பாட்டுக்குக் காசு கொடுக்கலாமா?

கேள்வி: அமெரிக்க ராப்பர் ஜூஸ் வேர்ல்ட் பாடி வெளிவராத பாட்டு ஒன்றுக்கு 'குரூப் பை' (கூட்டாகக் காசு போட்டு வாங்குவது) முறையில் 60 வெள்ளி போடப்போகிறான் என் மகன். அதற்கு ஏன் இத்தனை மவுசு? ஏமாற்று வேலையா?
- வாசகி, ஈசூன்

பதில்: பாட்டு நிஜமாகவே இருக்கலாம். ஆனால் காசு போடத் தேவையே இருக்காது. விற்பவர் 20, 30 விநாடி 'ஸ்னிப்பெட்' போடுவார். டிஸ்கார்ட் அரட்டைத் தளத்தில் ரசிகர்கள் பங்கு சேர்ப்பார்கள். தொகை நிறைந்ததும் கோப்பு வரும். வந்த சூட்டோடு, பங்கு போடாதவர்களுக்கும் அது இலவசமாகக் கசிந்துவிடும்.

மவுசு எல்லாம் அந்தத் துணுக்கால்தான். பாட்டிலேயே எடுப்பான இடத்தைத்தான் வெளியே விடுவார்கள். மீதியை ரசிகரே மனத்துக்குள் பாடி முடித்துக்கொள்கிறார். கோப்பைத் திறந்தால் பல நேரம் ஒரே சரணம், மூன்று முறை வரும் ஹூக் (பல்லவி), அப்புறம் வெறும் பீட். சாம்பிளுக்கு (பிறர் பாட்டிலிருந்து எடுத்த துண்டுக்கு) அனுமதி கிடைக்காமல் முடங்கிய நல்ல பாட்டுகளும் உண்டு, மறுப்பதற்கில்லை. 2019இல் ராப்பர் பிளேபாய் கார்ட்டியின் வெளிவராத பாட்டை யாரோ வேறு பெயரில் ஸ்பாட்டிஃபையில் ஏற்ற, அமெரிக்க வைரல் 50 பட்டியலில் அது முதலிடத்துக்கே போனது!

இப்பாட்டுகளுக்கு ரசிகர்களே பெயர் வைப்பதால், ஏற்கெனவே கசிந்ததைப் புதுப் பெயரில் மறுபடி விற்பவர்கள் இருக்கிறார்கள். அந்தக் கலைஞரின் பாட்டுகளை ரசிகர்கள் பட்டியலிடும் 'டிராக்கர்' அட்டவணையில் மாற்றுப் பெயர், நீளம், கசிந்த தேதி மூன்றையும் மகன் முதலில் பார்க்கட்டும்.

கேள்வி: 'ஃபிளாக்' (ஒலித்தரம் குறையாத கோப்பு) என்று தந்தார்கள், ஒலி மங்கலாக இருக்கிறது. அசலா என்று எப்படிக் கண்டுபிடிப்பது?
- வாசகர், சுவா சூ காங்

பதில்: 'ஸ்பெக்' என்ற இலவச மென்பொருளில் கோப்பை இழுத்துப் போடுங்கள். ஒலியின் அலைவெண்களை அது படமாகக் காட்டும். அந்தப் படம் 16 கிலோஹெர்ட்ஸில் கத்தியால் வெட்டியதுபோல் கறுப்பானால், 128 கேபிபிஎஸ் எம்பி3யையோ யூடியூப் ஒலியையோ ஃபிளாக்காக மாற்றியிருக்க வாய்ப்பு அதிகம். 320 எம்பி3 சுமார் 20இல் நிற்கும். குறுந்தட்டுத் தரமானால் 22 வரை போகலாம். மாற்றியதால் கோப்பு பெரிதாகுமே தவிர, வெட்டுப்பட்ட ஒலி திரும்பாது.

அடுத்து ஆடாசிட்டி என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளில் ஸ்னிப்பெட்டையும் கோப்பையும் இரண்டு டிராக்காக வைத்து, முதல் கிக் (டிரம் அடி) விழும் இடத்தில் பொருத்தி ஓட்டுங்கள். 20 விநாடிக்குள் தாளம் விலகினால், வேகம் மாற்றப்பட்டிருக்கும், அல்லது ரசிகர் எவரோ மறுபடி செய்தது. ஏஐ குரலாக இருந்தால், 'ஸ', 'ஷ' ஒலிகள் கரகரக்கும்; மூச்சு வாங்கும் இடங்கள் காணாமல் போகும். நல்ல போலிகளில் இதுவும் சிக்காது, அதனால் இதை மட்டும் நம்பித் தீர்ப்புச் சொல்லாதீர்கள்.

கேள்வி: பேநவ்வில் பணம் அனுப்பிவிட்டேன், விற்றவர் என்னை பிளாக் செய்துவிட்டார்.
- வாசகர், உட்லண்ட்ஸ்

பதில்: உடனே வங்கியைக் கூப்பிடுங்கள், பிறகு போலிசில் புகார் கொடுங்கள். குழப்பமாக இருந்தால் மோசடித் தடுப்புக்கான ஸ்கேம்ஷீல்டு உதவி எண் 1799. உரையாடல் படங்களை அழித்துவிடாதீர்கள். கோப்பு கையில் கிடைத்திருந்தாலும், அனுமதியில்லாமல் அதைப் பரப்புவது சிங்கப்பூரின் 2021 பதிப்புரிமைச் சட்டப்படி மீறல்தான்.