மலையாள சினிமா சமூக வழக்கங்களைக் காட்டுகிறதா, எதிர்க்கிறதா?

நல்ல மலையாளப் படங்களில் இரண்டும் ஒரே காட்சியில் நடக்கிறது. ஒரு வழக்கத்தைக் கொஞ்சமும் மிகைப்படுத்தாமல் அப்படியே காட்டினாலே போதும், பார்க்கிறவருக்குப் பொறுக்க முடியாமல் போகிறது.

ஜியோ பேபி இயக்கி 2021இல் வந்த 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். புதிதாகக் கல்யாணமாகி வந்த பெண். மாமனார் அதட்டவே மாட்டார். சட்னியை அம்மியில் அரை, சோறு குக்கரில் வேண்டாம், விறகடுப்பில் வேகட்டும், என் துணியை மெஷினில் போடாதே என்று எல்லாவற்றையும் தன்மையாகத்தான் சொல்வார். ஆண்கள் சாப்பிட்டு எழுந்தால், மென்று போட்ட முருங்கைக்காய்ச் சக்கை மேசையிலேயே கிடக்கும். சிங்க்கின் அடியில் குழாய் ஒழுகும். பிளம்பரைக் கூப்பிடச் சொல்லிச் சொல்லி அவளுக்கு அலுத்துப்போகும். பின்னணி இசை ஏறக்குறைய இல்லை. நறுக்குவதும் தாளிப்பதும் கழுவுவதும்தான் காதில் விழும்.

அந்த மேசைக் காட்சியில் என் அம்மா, "நம்ம வீட்லயும் இதுதானே" என்றார். அப்பாவும் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார்.

அப்புறம் மாதவிடாய்த் தீட்டு, கணவனின் சபரிமலை விரதம். கடைசியில் சிங்க்கிலிருந்து ஒழுகிய அந்தச் சாக்கடைத் தண்ணீரையே இரண்டு ஆண்கள் மீதும் ஊற்றிவிட்டு அவள் வெளியேறுகிறாள். எனக்கு அதைவிட வலித்தது அதன் பின் வரும் காட்சி: அதே சமையலறை, அதே வேலை, அவனுடைய இரண்டாவது மனைவி.

ஆனால் திரையில் கேட்கிற கேள்வியை இந்தத் துறை தனக்குள் கேட்டுக்கொண்டதா? முதல் மலையாளப் படமான 'விகதகுமாரன்' படத்தில் நாயர் பெண்ணாக நடித்தவர், தலித் பெண்ணான பி.கே. ரோஸி. அதற்காகவே ஆதிக்கச் சாதியினர் அவரைத் தாக்க, ஊரைவிட்டே ஓடினார். பிறகு நாகர்கோவிலில் வேறு பெயரில் வாழ்ந்து முடித்தார். மலையாளத் திரையுலகில் பெண்கள் படும் பாட்டை ஆராயக் கேரள அரசு அமைத்த ஹேமா கமிட்டியின் அறிக்கை 2024இல் வெளியானது. அதைப் படித்தபோதும் எனக்கு அந்தச் சமையலறைதான் நினைவுக்கு வந்தது. பாலியல் தொல்லைகளோடு இன்னொன்றும் அதில் இருக்கிறது: படப்பிடிப்பு நடக்கும் இடங்களில் பெண்களுக்குக் கழிப்பறை இல்லை, உடை மாற்ற இடமில்லை. அதனால் பலர் மணிக்கணக்கில் தண்ணீர்கூடக் குடிக்காமல் வேலை செய்திருக்கிறார்கள்.