அந்த மண் உருண்டையை உடைக்காதீர்கள்

வணக்கம். நீங்கள் வளர்க்கும் யூடிசெல்லா கிராலி என்ற பூவண்டின் புழுக்கள் மூன்றும் ஐந்து வாரமாகக் கண்ணில் படவில்லை, தேடினால் பெட்டியின் அடியில் கெட்டியான மண் உருண்டைகள்தான் இருக்கின்றன, உடைத்துப் பார்க்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். தயவுசெய்து வேண்டாம். அவை சாகவில்லை, கூடு கட்டியிருக்கின்றன.

மத்திய ஆப்பிரிக்க மழைக்காட்டில் இந்தப் பூவண்டின் புழு மக்கிய மரத்தையும் சருகையும் தின்று வளர்கிறது. முழு வளர்ச்சி அடைந்ததும் உடல் மஞ்சளாகிவிடும். அப்புறம் சுற்றியுள்ள மண்ணை ஒட்டி ஓர் உருண்டை செய்து உள்ளே அடங்கிவிடும். வெளியே சொரசொரப்பு, உள்ளே பூசி மெழுகியது போல வழவழப்பு. ஆணின் தலையில் கவை போல இரண்டாகப் பிரியும் கொம்பு அந்த இடத்தில்தான் உருவாகிறது. கூடு சிதைந்தால் கொம்பும் இறக்கையும் கோணிப்போகலாம். வண்டாக மாறிய பிறகும் ஓடு இறுகும்வரை உள்ளேயே கிடக்கும், ஆகவே மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டிவரும்.

ஏற்கெனவே ஒன்று விரிசல் விட்டது என்றீர்களே, அதுதான் எனக்குக் கவலை. பூ செருகும் பச்சை ஸ்பாஞ்சை நனைத்து, கூட்டின் உள்ளளவுக்கு முட்டை வடிவில் குழித்து வழவழப்பாக்குங்கள். விரிசல் விட்ட கூட்டுக்குள்ளே கூட்டுப்புழு இருந்தால் கரண்டியால் மெதுவாக எடுத்து அதில் வையுங்கள். இன்னும் புழுவாகவே இருந்தால் தொடாமல் விடுங்கள்.

மண்ணைப் பிடித்தால் உருண்டையாக நிற்க வேண்டும், தண்ணீர் சொட்டக் கூடாது. அந்த ஈரம் போதும்.