பாறை பேரு தெரியலைன்னா பரவாயில்ல, தண்ணி எந்தப் பக்கம் ஓடுச்சுன்னு பாருங்க

"நிலவியல் படிக்காதவங்க களப்பயணம் போய் ஒரு பகுதியோட பாறைகளையும், அங்க ஒரு காலத்துல இருந்த நிலப்பரப்பையும் புரிஞ்சுக்க முடியுமா, எங்கிருந்து தொடங்கணும்?"னு கேட்டிருக்கீங்க. தாராளமா முடியும். நானும் இத காலேஜ்ல படிச்சவன் இல்ல, ஏழெட்டு வருஷமா லீவு கெடச்சா பாறை பாக்கக் கிளம்பிடுறேன், அவ்வளவுதான்.

முதல் தடவ போனப்ப நான் பண்ணின தப்ப முதல்ல சொல்லிடுறேன். ஒரே நாள்ல ஆறு இடம் பாத்தோம், ஒவ்வொரு இடத்துலயும் பத்து நிமிஷம், அழகா இருந்த கல்லையெல்லாம் பைக்குள்ள போட்டுட்டு வந்தேன். வீட்டுக்கு வந்து கொட்டிப் பாத்தா எது எங்க எடுத்ததுன்னே தெரியல. எடுத்த இடம் தெரியாத கல்லு கிழிஞ்ச புத்தகத்துப் பக்கம் மாதிரி, முன்னாடி என்ன பின்னாடி என்னன்னு தெரியாது. பாதுகாக்கப்பட்ட இடமா இருந்தா கல்ல எடுக்கவே கூடாதுங்கறதும் அப்புறந்தான் தெரிஞ்சுது.

ரெண்டாவது தடவ ரிட்டயர் ஆன நிலவியல் ஆசிரியர் ஒருத்தர் கூட்டிட்டுப் போனார். ரோடு போடறதுக்காக மலைய வெட்டின ஒரு செவுரு முன்னாடி வண்டிய நிறுத்தினார், ரெண்டு மணி நேரம் அங்கயே இருந்தோம். நான் ஓடிப்போய் கல்லத் தொடப் போனேன், "கிட்ட போகாதீங்க தம்பி, மொதல்ல ரோட்டுக்கு இந்தப் பக்கம் நின்னு முழுசா பாருங்க, பாத்தத வரைங்க"ன்னார். எனக்கு வரைய வராதுன்னு சொன்னேன், பரவாயில்ல கோடு போடுங்கன்னார். கோடு போட ஆரம்பிச்ச பிறகுதான் விஷயமே கண்ணுல பட்டுது. பெரிய அடுக்கெல்லாம் கிட்டத்தட்ட படுக்கையா இருந்துச்சு, ஆனா ஒவ்வொரு அடுக்குக்குள்ளயும் மெல்லிசான கோடுங்க எல்லாம் இடது பக்கமா சரிஞ்சு இறங்குது. போட்டோ மட்டும் எடுத்திருந்தா இத நான் கவனிச்சிருக்கவே மாட்டேன்.

"இப்ப சொல்லுங்க, தண்ணி எந்தப் பக்கம் ஓடுச்சு?"ன்னு கேட்டார். எனக்கு ஒண்ணும் புரியல, அங்க தண்ணியே இல்லையே. அப்புறம் அவரே விளக்கினார். ஆத்துப் படுகையில மணல் சின்னச் சின்ன மேடா நகரும், தண்ணி மணல மேட்டு முதுகு மேல தள்ளிட்டுப் போய் அந்தப் பக்கச் சரிவுல கொட்டும், அந்தச் சரிவு ஒண்ணு மேல ஒண்ணா படிஞ்சுட்டே போறதுதான் அந்தச் சாய்ஞ்ச கோடுங்க. இதுக்குப் பேரு கிராஸ் பெடிங். கோடு எந்தப் பக்கம் சரியுதோ நீரோட்டம் அந்தப் பக்கம் போயிருக்கு (பின்னாடி மொத்தப் பாறையும் சாய்ஞ்சிருந்தா அந்தச் சாய்வக் கழிச்சுட்டுத்தான் பாக்கணும்). அதுக்குக் கொஞ்சம் மேல மெல்லிசா ஒரு களிமண் அடுக்கு, அதுல வெயில்ல காஞ்ச குளத்துல பாப்பமே அதே மாதிரி வெடிப்பு, வெடிப்புக்குள்ள மேல இருந்து வந்த மணல் இறங்கி ஆணி மாதிரி கெட்டியாயிருக்கு. ஆறு ஓடிருக்கு, வெள்ளம் வடிஞ்சிருக்கு, சேறு காஞ்சிருக்கு, திரும்ப வெள்ளம் மணலக் கொண்டு வந்து மூடிருக்கு. அந்த வெடிப்பு மேல விரல வச்சுட்டு ரொம்ப நேரம் நின்னுட்டிருந்தேன். சேறு காஞ்சது சில நாள் வேலை, அது கோடிக்கணக்கான வருஷம் அப்படியே இருந்திருக்கு.

அதனால நான் சொல்றது இதுதான், கல்லுக்குப் பேரு தேடறதுல ஆரம்பிக்காதீங்க. "இது உருவானப்ப இங்க நின்னிருந்தா என்ன பாத்திருப்பேன்?"ங்கற கேள்வில ஆரம்பிங்க. பேரு தானா பின்னாடி வரும்.

கையில வேணும்னா பத்து மடங்கு பெருசாக் காட்டற லென்ஸ் ஒண்ணு, நோட்டு, பென்சில், திசைகாட்டி, அளவுக்கு ஒரு ஸ்கேல், அது போதும். லென்ஸக் கண்ணுக்கு ஒட்ட வச்சுக்கிட்டு கல்ல அதுகிட்டக் கொண்டு வரணும், நெறைய பேரு கல்லுக்குப் பக்கத்துல லென்ஸப் பிடிச்சு தூரத்துல இருந்து பாத்துட்டு ஒண்ணும் தெரியலைம்பாங்க. மணற்கல்லுல மணிங்க முனை முனையா இருந்தா மணல் அதிக தூரம் உருண்டு வரலைன்னு எடுத்துக்கலாம், உருண்டையா ஒரே அளவா இருந்தா நெறைய அலைஞ்சு வந்த மணல். நீர்த்த ஹைட்ரோகுளோரிக் ஆசிட் ஒரு சொட்டு விட்டா சுண்ணாம்புக்கல் பொங்கும், டோலமைட்னு சுண்ணாம்புக்கல் மாதிரியே இருக்கற இன்னொரு கல்லு, அதப் பொடியாக்கி விட்டாத்தான் நல்லாப் பொங்கும். ஆனா அத தெரிஞ்சவங்க கூட இருக்கும்போது மட்டும் பண்ணுங்க. சுத்தியல் முதல் வருஷம் தேவையே இல்ல. குறிப்பா புதைபடிவம் இருக்கற பாறையத் தட்டவே தட்டாதீங்க.

அடுக்கு இல்லாத ஊர்ல, வெறும் கிரானைட்டா இருக்கற இடத்துல என்ன பாக்கறதுன்னு கேப்பீங்க. அங்கதான் எனக்கு இன்னும் அதிகமா மெய் சிலிர்க்கும். கிரானைட் பூமிக்கு அடியில பல கிலோமீட்டர் ஆழத்துல மெதுவா ஆறி இறுகினது, அதனாலதான் படிகம் கண்ணுக்குத் தெரியற அளவுக்கு வளர்ந்திருக்கு. நீங்க அது மேல நிக்கிறீங்கன்னா உங்க தலைக்கு மேல ஒரு காலத்துல அத்தன கிலோமீட்டர் பாறை இருந்து, மழையும் காத்தும் ஆறும் அதையெல்லாம் அரிச்சுக் கொண்டு போயிருக்குன்னு அர்த்தம். அதுக்குள்ள கருப்பா வேற கல்லுத் துண்டு மாட்டிட்டு இருந்தா அது கிரானைட்டுக்கு மூத்தது, கிரானைட்ட வெட்டிக்கிட்டு ஒரு கருப்புப் பட்டை போச்சுன்னா அந்தப் பட்டை இளையது. இந்த ஒரு விதிய வச்சே ஒரு பாறைல எது முதல்ல எது பின்னாலன்னு வரிசை போட்டுடலாம். அடுக்குப் பாறைல கீழ இருக்கறது பழசுங்கற விதி டென்மார்க் அறிஞர் ஸ்டெனோ 1669ல எழுதினது, இன்னைக்கும் முதல்ல கையில எடுக்கறது அதத்தான்.

சில இடத்துல ரெண்டு அடுக்குக்கு நடுவுல காலமே காணாமப் போயிருக்கும். ஸ்காட்லாந்து கடலோரத்துல சிக்கார் பாயிண்ட்னு ஒரு இடம், 1788ல ஜேம்ஸ் ஹட்டன்ங்கற ஸ்காட்லாந்து நிலவியலாளர் நண்பர்களோட படகுல போய்ப் பாத்தது. கீழ அடுக்கெல்லாம் செங்குத்தா நிக்குது, அது மேல செந்நிற மணற்கல் லேசான சாய்வுல படுத்திருக்கு. கடலுக்கடியில படிஞ்சது மடிஞ்சு, நிமிந்து, மேல வந்து, அரிஞ்சு போன பிறகுதான் அது மேல மணல் படிஞ்சிருக்கு. நடுவுல போன காலம் சுமார் 6.5 கோடி வருஷம், அந்த ஒரு கோட்டுல விரல வச்சா அவ்வளவும் அடங்கிடும். உங்க பக்கத்துலயும் இப்படி ஒரு கோடு இருக்கான்னு அந்தப் பகுதியோட நிலவியல் வரைபடத்துல பாத்துட்டுக் கிளம்புங்க, அதுல ஒவ்வொரு வகைப் பாறைக்கும் ஒரு நிறம் குடுத்திருப்பாங்க, ரெண்டு நிறம் சந்திக்கற இடம்தான் முதல்ல போக வேண்டிய இடம்.

இப்ப இருக்கற வெயில வச்சும் எதையும் முடிவு பண்ணாதீங்க. ஒடிசாவுல தால்சேர் பக்கம் களிமண்ணுக்குள்ள பெரிய பெரிய குண்டுக்கல்லு கலந்து கெடந்தத 1856ல பிளான்ஃபோர்ட் சகோதரர்கள்னு ரெண்டு நிலவியலாளர்கள் பாத்துட்டு இது பனிப்பாறை கொண்டு வந்து போட்டதுன்னாங்க. வெயில் கொளுத்தற ஊர்ல பனியான்னு யாருக்கும் தோணும். சுமார் 30 கோடி வருஷம் முன்னாடி அந்த நிலம் கோண்டுவானாவோட (தெற்குக் கண்டங்கள் எல்லாம் ஒண்ணா ஒட்டியிருந்த பெருநிலம்) சேர்ந்து தென்துருவத்துக்குப் பக்கம் இருந்துச்சுங்கறது ரொம்பப் பின்னாடிதான் தெளிவாச்சு.

தொங்கற பாறைக்கு அடியில நிக்காதீங்க, கடலோரம்னா அலை ஏறற நேரம் பாத்துட்டுப் போங்க, குவாரின்னா அனுமதி வாங்கிக்கங்க. முதல் பயணத்துக்கு ஒரே ஒரு செவுரு போதும். அதையே காலைல ஒரு தடவ, சாயங்காலம் ஒரு தடவ பாருங்க, வெயில் சாய்வா விழும்போது காலைல தெரியாத அலைத் தழும்பெல்லாம் பாறை மேல நிழலா எழும்பி வரும்.