இறால் குளத்தில் சேற்று நத்தை: மயில்துத்தம் போடலாமா?

கேள்வி: வேதாரண்யம் பக்கம் 1 ஏக்கர் குளத்தில் வன்னாமி இறால் விட்டிருக்கிறேன். 45 நாள் ஆகிறது, தண்ணீர் மூன்றரை அடி. கரையோரச் சேற்றில் கூம்பு மாதிரி சின்ன நத்தைகள் அப்பிக் கிடக்கின்றன. தண்ணீரின் காரத்தன்மை (கரைந்த கார்பனேட், பைகார்பனேட் உப்புகளின் அளவு) 140-இல் இருந்து 90 பிபிஎம்முக்கு (பத்து லட்சத்தில் 90 பங்கு) இறங்கிவிட்டது. மயில்துத்தம் (காப்பர் சல்பேட்) போட்டால் நத்தை செத்துவிடும் என்கிறார்கள். போடலாமா?

பதில்: வேண்டாம் ஐயா, இறால் இருக்கும் குளத்தில் போடவே போடாதீர்கள். மயில்துத்தம் முதலில் பாசியைக் கொல்லும். பாசி ஒரேயடியாகச் செத்தால் விடியற்காலையில் ஆக்சிஜன் விழும். காரத்தன்மை குறைந்த தண்ணீரில் அதிலுள்ள தாமிரத்தின் நஞ்சும் கூடும். நத்தை செத்தாலும் நிம்மதி இல்லை. அத்தனை சதையும் குளத்துக்குள்ளேயே அழுகி அம்மோனியாவாக மாறும்.

நீங்கள் சொல்லும் அடையாளத்தைப் பார்த்தால் இது பிரனெல்லா சிங்குலேட்டா. பழைய புத்தகங்களில் செரித்திடியா என்று இருக்கும். ஒன்றைக் கையில் எடுத்துப் பாருங்கள். சுமார் 3 செ.மீ. நீளம், பழுப்பு நிறம், ஓட்டின்மேல் சுற்றிலும் மணி கோத்த மாதிரி சின்னச் சின்னப் புடைப்பு வரிசைகள். தொட்டதும் உள்ளே இழுத்துக்கொண்டு வட்டமான ஒரு மூடியால் வாயை அடைத்துக்கொள்ளும். சிலவற்றில் மூடிக்குப் பதில் கால்கள் எட்டிப் பார்க்கும். அது காலி ஓட்டில் குடியேறிய நண்டு, அதைக் கணக்கில் சேர்க்காதீர்கள்.

இந்த நத்தை இறாலைத் தின்னாது. சேற்றுப் பாசியையும் மட்கையும் மேயும். உங்களுக்கு நட்டம் அதன் ஓட்டால்தான். ஓடு கிட்டத்தட்ட முழுக்கக் கால்சியம் கார்பனேட், அதைத் தண்ணீரிலிருந்துதான் எடுத்துக்கொள்ளும். உங்கள் குளத்தில் சுமார் 4,000 கன மீட்டர் தண்ணீர் இருக்கிறது. நத்தைகள் எல்லாம் சேர்ந்து 40 கிலோ ஓடு வளர்த்தால் காரத்தன்மை 10 பிபிஎம் குறையும். இறங்கிய 50 பிபிஎம்மையும் நத்தை தலையில் கட்ட முடியாது. தோலுரிக்கும் இறாலும் அடிமண் பாக்டீரியாவும் தங்கள் பங்கை எடுத்திருக்கும்.

இப்போதைக்குச் சோடியம் பைகார்பனேட் கொடுங்கள். இரவில் 40 கிலோ, கரைத்துத் தெளித்து, தண்ணீருக்குக் காற்றூட்டும் ஏரேட்டரை ஓடவிடுங்கள். ஒரு நாள் விட்டு ஒரு நாள் ஐந்து முறை கொடுத்தால் 30 பிபிஎம் அளவுக்கு ஏறும். ஒவ்வொரு முறைக்கும் முன்னால் சோதித்துப் பாருங்கள். கரையோரம் எட்டும் நத்தைகளைக் கையால் பொறுக்குங்கள். நடுக்குளத்தில் இறங்கிச் சேற்றைக் கலக்க வேண்டாம். அடியில் இருக்கும் கறுப்புச் சேறு கிளம்பினால் நத்தையைவிடப் பெரிய ஆபத்து.

இதே நத்தையோடு பிலிப்பைன்ஸ் பால்மீன் பண்ணைக்காரர்கள் பல காலம் போராடினார்கள். டிரைபினைல்டின் என்ற வெள்ளீய நஞ்சை ஊற்றினார்கள். நத்தையோடு மற்ற உயிர்களும் பாதிக்கப்பட்டு, கடைசியில் அது தடை செய்யப்பட்டது. அந்த வழியில் நாம் போகவே கூடாது.

உண்மையான வேலை அறுவடைக்கு அப்புறம்தான். தண்ணீரை மெதுவாக வடியுங்கள். நத்தைகள் மதகடியிலும் பள்ளங்களிலும் தேங்கிய ஈரத்தில் நிறையக் கிடக்கும். அந்த நேரத்தில் நான்கு ஆட்களை விட்டு வாரிவிட்டால் சுமை நன்றாகக் குறையும். பிறகு மண் பாளம் பாளமாக வெடிக்கும்வரை காயவிட்டு, மேல் மண்ணைச் சுரண்டி அப்புறப்படுத்துங்கள். ஒரு வாரம் காய்ந்தால் போதும் என்று நம்பாதீர்கள், நத்தை மூடியை அடைத்துக்கொண்டு வெயிலைத் தாங்கிக் கிடக்கும்.

ப்ளீச்சிங் பவுடர் விஷயத்திலும் இதே மூடிதான் தடை. வளர்ந்த நத்தை அடைத்துக்கொண்டு தப்பிவிடும். ஆனால் நத்தைக் குஞ்சு அப்படி இல்லை. அது தண்ணீரில் மிதக்கும் பருவத்தில் வாய்க்கால் வழியாக வருகிறது. கண்ணுக்குத் தெரியாது, சாதாரண வடிகட்டிப் பையிலும் நுழைந்துவிடும். அதனால் அடுத்த முறை தண்ணீரை நேராகக் குளத்துக்குள் விடாதீர்கள். தேக்கக் குளத்தில் நிறுத்தி, அங்கேயே 60 பிபிஎம் ப்ளீச்சிங் கொடுத்து, குளோரின் முழுக்கப் போனதைச் சோதித்த பிறகு விடுங்கள். தேக்கக் குளம் இல்லையென்றால் ஒரு மூலையையாவது ஒதுக்கி வெட்டுங்கள். என்னைக் கேட்டால், மருந்துக்கு வைத்திருக்கும் பணத்தை அதற்குத்தான் போடுவேன்.

பொறுக்கிய நத்தையைக் கரையில் கொட்டிவிடாதீர்கள். மழை பெய்தால் ஊர்ந்து திரும்பி இறங்கிவிடும். குளத்தை விட்டுத் தள்ளி, ஆழக் குழி வெட்டி, சுண்ணாம்பு தூவி மூடுங்கள்.