பில் போடு என்கிறார்கள், மகள் சேரலாமா?

கேள்வி: பாரிஸ் புறநகரில் இருக்கிறோம். மகள் எடிட்டிங்கில் பே.தே.எஸ். டிப்ளோமா முடித்துவிட்டாள், பிரெஞ்சு சினிமா எடிட்டராக வேண்டும் என்கிறாள். ஒரு தயாரிப்பு நிறுவனம் உதவி எடிட்டர் வேலை தருகிறது. ஆனால், ஒத்தோ ஆந்த்ரப்ரனராக, அதாவது தனித் தொழில் செய்பவராகப் பதிந்து, சிரெட் என்ற தொழில் பதிவு எண் எடுத்து, பில் போட்டுக் காசு வாங்கச் சொல்கிறார்கள். சேரலாமா?

பதில்: வேலைக்குச் சேரட்டும். பில் மட்டும் போட வேண்டாம்.

சினிமா எடிட்டிங்கில் வருடம் முழுக்க ஓடும் உத்தியோகம் கிடையாது. ஒரு படத்துக்குச் சில மாதம், பிறகு வெறுங்கை. அந்த இடைவெளியைத் தாங்குவது, விட்டுவிட்டு வேலை செய்யும் சினிமா, மேடைத் தொழிலாளருக்கான அந்தெர்மித்தான் உதவித்தொகை. அதைப் பெற, 12 மாதத்துக்குள் 507 மணித்தியாலம் சம்பளத்துக்கு வேலை செய்திருக்க வேண்டும். கிழமைக்கு 35 மணித்தியாலம் என்றால் ஏறக்குறைய பதினாலரைக் கிழமை. பில் போட்டுச் செய்த வேலையில் ஒரு மணித்தியாலம்கூட இந்தக் கணக்கில் ஏறாது. நிறுவனத்துக்குச் சமூகப் பாதுகாப்புப் பங்களிப்புக் காசு மிச்சம், உங்கள் மகளுக்கு வருடம் வீண்.

படத்துக்குப் படம் இடைவெளி பேர்பெற்ற எடிட்டருக்கும் உண்டு. ஜூலியெத் வெல்ஃப்லிங், பிரெஞ்சு இயக்குநர் ஜாக் ஓதியாரின் முதல் படத்திலிருந்தே அவருக்கு எடிட்டர். 2015இல் கானில் தங்கப்பனை வாங்கிய, பெரும்பாலும் தமிழ் பேசும் ‘தீபன்’ படத்தையும் அவர்தான் எடிட் செய்தார். 1994இலிருந்து அதுவரை 21 வருடத்தில் ஓதியார் இயக்கியவை ஏழே படங்கள். ஓர் இயக்குநரை நம்பி அடுப்பு எரியாது.

அதற்காக இந்த வேலையைத் தட்டிக் கழிக்கவும் வேண்டாம். உதவி எடிட்டர் நாற்காலியில்தான் தொழில் பிடிபடும். அன்றன்று படம்பிடித்து வரும் ரஷ்ஸை அவிட் என்ற எடிட்டிங் மென்பொருளில் ஏற்றி, கிளாப் பலகை மூடும் ஃபிரேமில் அதன் ‘டக்’ சத்தத்தைப் பொருத்தி, எந்த டேக் இயக்குநருக்குப் பிடித்தது என்ற குறிப்பைப் பக்கத்தில் போட்டுவைக்க வேண்டும். நன்றாக அழுத டேக்கை ஒதுக்கிவிட்டு எடிட்டர் ஏன் சும்மா பார்த்துக்கொண்டு நிற்கும் டேக்கை எடுத்தார் என்பதெல்லாம் பின்னால் இருந்து பார்த்தால்தான் விளங்கும். எடிட்டர் யான் தெதேயும் இயக்குநர் துரூஃபோவின் படங்களில் உதவியாளராய் இருந்து எடிட்டர் ஆனவர்தான்.

சிரெட் எண்ணே கூடாதா என்று கேட்பீர்கள். ஒன்றுக்கு அது சரி: கலியாணவீடு, சாமத்தியவீடு வீடியோ. அங்கே வாடிக்கையாளர் ஒரு குடும்பம், தயாரிப்பு நிறுவனம் இல்லை. பில் போடலாம். ஆனால் அந்த வருமானத்தை மாதாமாதம், உதவித்தொகை தரும் வேலைவாய்ப்பு நிறுவனமான ஃபிரான்ஸ் திரவாய்க்குச் சொல்ல வேண்டும். அந்த மணித்தியாலங்களும் 507இல் சேரா. மண்டபக்காரர் பெயரில் ‘குசோ’ என்ற சம்பளப் பதிவு வழியாகப் போட்டுத் தருகிறேன் என்று யாராவது வந்தால் நம்ப வேண்டாம். குசோ மேடை நிகழ்ச்சிக்கு உரியது, வீடியோ எடிட்டிங் அதற்குள் வராது.

இன்னொரு கூட்டம் மணித்தியாலத்தையே விற்கும். செய்யாத வேலைக்குச் சம்பளத் துண்டு வாங்கினால் அது மோசடி. வாங்கிய உதவித்தொகையைத் திருப்பிக் கட்டுவதோடு வழக்கும் வரும். விற்றவன் அப்போது தொலைபேசி எடுக்கமாட்டான்.

நிறுவனத்தின் இடத்தில், அவர்கள் சொல்லும் நேரத்தில், அவர்கள் மெஷினில் வேலை வாங்கிவிட்டு அவளைத் தனி முதலாளி என்று எழுதுவது மறைமுகக் கூலிவேலை, சட்டப்படி தப்பு. எல்லாருக்கும் தெரிந்த தப்புத்தான். 507க்கு நாலு மணித்தியாலம் குறைந்த பிள்ளைக்கு உடனே மறுப்புக் கடிதம் அனுப்பத் தெரிந்த நிர்வாகத்துக்கு, இந்த நிறுவனங்களின் கதவைத் தட்ட மட்டும் நேரம் கிடைப்பதில்லை.

அதனால் மகள் தானே எழுத்தில் கேட்கட்டும்: “சேதேதே துசாஜ் ஒப்பந்தத்தில் வருகிறேன்.” அது சினிமாத் தொழிலுக்கு உள்ள, குறிப்பிட்ட காலத்துக்கான சம்பள ஒப்பந்தம். பதவிப் பெயர் உதவி எடிட்டர் என்றே இருக்க வேண்டும். ‘வீடியோ பொறுப்பாளர்’ மாதிரி ஏதாவது எழுதினால், அந்தெர்மித்தான் பதவிப் பட்டியலில் இல்லை என்று தள்ளிவிடுவார்கள். சம்பளம் திரைப்படத் தயாரிப்புக் கூட்டு ஒப்பந்தம் சொல்லும் வாரக் குறைந்தபட்சத்துக்குக் கீழே போகக்கூடாது. ‘ஸ்தாஜ்’, அதாவது மாணவர் பயிற்சி, என்று பேச்சை மாற்றினால், படிப்பு முடிந்தது, பள்ளிக்கூட ஒப்பந்தம் கிடையாது என்று சொல்லிவிடலாம். வேலை தொடங்கி இரண்டு வேலைநாளுக்குள் ஒப்பந்தம் கைக்கு வர வேண்டும். மாதம் முடிந்ததும் சம்பளத் துண்டோடு மாதாந்த வேலைச் சான்றிதழும் வந்ததா என்று பார்க்கட்டும். வராவிட்டால் முதலில் மின்னஞ்சல், பிறகு பதிவுத் தபால்.